கழுத்து எக்ஸ்ரே பத்தி கேளுங்க, தெரிஞ்சதைச் சொல்றேன்

வணக்கம். 22 வருஷமா எக்ஸ்ரே ரூம்ல நிக்கிறேன். டாக்டர் இல்ல, ரேடியோகிராஃபர், எங்க ஊர் பாஷையில 'படம் எடுக்கிறவரு'. கழுத்து, முதுகெலும்பு எப்படி இருக்கு, படம் எடுக்கிறப்ப ஏன் அப்படி நில்லு இப்படி நில்லுன்னு உயிரை வாங்கறோம், இதெல்லாம் கேளுங்க. ரிப்போர்ட்டை போட்டோ புடிச்சுப் போட்டு 'இதுக்கு என்ன மாத்திரை'ன்னு மட்டும் கேக்காதீங்க, வைத்தியம் ஆளுக்குத்தான், படத்துக்கு இல்ல.

கேள்வி: 28 வயசு, ஐடி வேலை. கழுத்து வளைவு போய் நேரா இருக்குன்னு ரிப்போர்ட்ல இருக்கு. பயமா இருக்கு அண்ணா.

பயப்படாதம்மா. கழுத்து எலும்பு 7-ம் சேர்ந்து முன்பக்கமா லேசா வளைஞ்சிருக்கும், அதுதான் வழக்கம். ஆனா தாடையைக் கொஞ்சம் கீழ இறக்கினாலே அந்த வளைவு பாதி காணாமப் போயிடும். வலியில தசை இறுகியிருந்தாலும் நேராத்தான் தெரியும். வலியே இல்லாதவங்கள்லயும் எத்தனையோ பேருக்கு நேரா இருக்கு. அந்த ஒரு வரியை வச்சுக்கிட்டு கூகுள்ல தேடி ராத்திரி தூக்கத்தைக் கெடுத்துக்காத. கை மரத்துப் போகுதா, சட்டை பட்டன் போட விரல் தடுமாறுதா, நடக்கிறப்ப கால் பின்னுதா, ஒண்ணுக்கு அடக்க முடியலையா, இதுல எது இருந்தாலும் படம் எப்படி இருந்தாலும் உடனே டாக்டர்.

கேள்வி: கழுத்துவலின்னு போனா வாயை 'ஆ'ன்னு திறக்கச் சொல்லி படம் எடுத்தாங்க. பல்லை ஏன் எடுத்தாங்க?

இந்தக் கேள்விக்குத்தான் காத்துக்கிட்டிருந்தேன்! பல்லை எடுக்கல, பல்லுக்குப் பின்னாடி ஒளிஞ்சிருக்கிறதை எடுத்தாங்க. கழுத்தோட முதல் எலும்பு வெறும் வளையம், மத்த எலும்புக்கெல்லாம் இருக்கிற கட்டை அதுக்குக் கிடையாது. ரெண்டாவது எலும்புல இருந்து ஒரு முளை மேல நீட்டிக்கிட்டு அந்த வளையத்துக்குள்ள நிக்கும். பாட்டி வீட்டுத் திருகை பாத்திருக்கீங்களா, அடிக்கல்லுல முளை, அதைச் சுத்தி மேல்கல்லு சுத்தும், அச்சு அசல் அதேதான். 'மாட்டேன் மாட்டேன்'னு தலையாட்டறோமே, அந்தத் திருப்பத்துல கிட்டத்தட்ட பாதி இந்த ஒரே இடத்துலதான் நடக்குது. 'சரி சரி'ன்னு மேலயும் கீழயும் ஆட்டறதுல பெரும்பங்கு அதுக்கும் மேல, மண்டையோடு வளையத்து மேல உக்காந்திருக்கிற இடத்துல. நேரா முன்னாடி இருந்து எடுத்தா தாடையும் பல்லும் முளையை மறைச்சுடும், அதனால வாயைத் திறக்கச் சொல்லி, மேல்வரிசைப் பல்லோட நுனியும் மண்டையோட்டு அடிப்பக்கமும் ஒரே கோட்டுல வர்ற மாதிரி தலையை வச்சு அந்தச் சந்துல எட்டிப் பாக்கிறோம். 'ஆ' சொன்னா நாக்கு கீழ போய் அதோட நிழல் விழாது. தலை ஒரு நூல் தூக்கினா மண்டையோடு மறைக்கும், ஒரு நூல் இறங்கினா பல்லு மறைக்கும். ஃபிலிம் காலத்துல டார்க் ரூம்ல கழுவிப் பாத்தாதான் வந்துச்சா வரலையான்னே தெரியும், எத்தனை தடவை திரும்ப எடுத்துத் திட்டு வாங்கியிருக்கேன்.

கேள்வி: ஜவ்வு விலகியிருக்கான்னு எக்ஸ்ரேல பாத்து சொல்ல முடியுமா?

முடியாது. ஜவ்வு எக்ஸ்ரேல தெரியாது. ரெண்டு எலும்புக்கு நடுவுல இருக்கிற இடைவெளிதான் தெரியும், அது குறைஞ்சிருந்தா ஜவ்வு தேஞ்சிருக்கும்னு ஊகிக்கலாம். பிதுங்கி நரம்பை அமுக்குதான்னு பாக்க எம்ஆர்ஐ வேணும். எல்லா முதுகுவலிக்கும் எம்ஆர்ஐ வேணும்னு அர்த்தம் இல்ல, அதை டாக்டர் சொல்லட்டும்.

கேள்வி: வருஷத்துக்கு எத்தனை எக்ஸ்ரே எடுக்கலாம்? கேன்சர் வருமா?

எண்ணிக்கைன்னு ஒண்ணு கிடையாது, தேவை இருக்கா இல்லையாங்கிறதுதான். கழுத்துப் படத்துக்கு சுமாரா 0.2 மில்லிசீவர்ட் (உடம்புக்குக் கிடைக்கிற கதிர்வீச்சை அளக்கிற அலகு). மண்ணு, வானம், சாப்பாடுன்னு இயற்கையா நமக்குக் கிடைக்கிறதே உலக சராசரியில வருஷத்துக்கு 2.4, கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சி மாதிரி, கதிர்வீச்சு விடற மோனசைட் மணல் இருக்கிற கடற்கரையில அதைவிட அதிகம். ஆக கழுத்துப் படம்னா ஒரு மாச இயற்கைக் கணக்கு. இடுப்புப் பக்கத்து முதுகெலும்புப் படம் 1.5 பக்கம் வரும், அது வயிறு வழியா போறதால கர்ப்பமா இருக்கலாம்னு லேசா சந்தேகம் இருந்தாக்கூட முன்னாடியே சொல்லிடுங்க. வெக்கப்பட்டு சொல்லாம இருக்காதீங்க.

கேள்வி: தாலியைக் கழட்டச் சொன்னாங்க, மாமியார் சண்டை போட்டுட்டாங்க.

தங்கம் படத்துல பளிச்சுன்னு வெள்ளையா விழும், அதுக்குப் பின்னாடி இருக்கிற எலும்பு தெரியாது. கழட்ட மனசில்லன்னா சொல்லுங்க, ஒவ்வொரு படத்துக்கும் ஒவ்வொரு பக்கமா ஒதுக்கி எடுத்துக்குவோம், கொஞ்சம் நேரமாகும். தோடு, ஹேர்பின், பல்செட்டு மட்டும் கழட்டியே ஆகணும்.

கேள்வி: மீன் முள்ளு தொண்டையில மாட்டியிருக்கு, எக்ஸ்ரே எடுக்கலாமா?

காது மூக்கு தொண்டை டாக்டர்கிட்ட போங்க, இப்பவே. நிறைய மீன் முள்ளு எக்ஸ்ரேல தெரியவே தெரியாது. சோத்து உருண்டையை முழுங்கி தள்ளப் பாக்காதீங்க.

கேள்வி: கழுத்து நேரா இருக்குன்னு ரிப்போர்ட் வந்திருக்கு...

முதல் பதில்.

கேள்வி: பைக்ல விழுந்தவரைத் தூக்கிட்டுப் போறப்ப கழுத்தை எப்படிப் புடிக்கணும்?

ஆட்டக் கூடாது. தூக்கி உக்கார வச்சு தண்ணி கொடுக்கிறது, ஹெல்மெட்டை வெடுக்குனு உருவுறது, ஆட்டோவுல மடிச்சுப் போடறது எதுவும் வேண்டாம். மூச்சு வருதான்னு பாருங்க, 108-க்கு அடிங்க, தலையை இருக்கிற நிலையிலயே அசையாம புடிச்சுக்கோங்க. ஆஸ்பத்திரியில நாங்களும் கழுத்து அசையாம போட்ட பட்டையை (காலர்) கழட்டாம, படுத்த நிலையிலயே பக்கவாட்டுல எடுப்போம். அதுல 7-வது கழுத்தெலும்பும் அதுக்குக் கீழ நெஞ்சுப் பகுதியோட முதல் எலும்பும் தெரியலன்னா அந்தப் படத்தை நம்பவே கூடாது. தோள் நிழல்ல மறைஞ்சு முறிவு தப்பிப் போற இடமே அதுதான். அதனாலதான் இப்பல்லாம் பெரிய அடின்னா நேரா சிடி ஸ்கேன்.

கேள்வி: சலூன்ல முடி வெட்டிட்டு கழுத்தை ரெண்டு பக்கமும் படக்குனு நெட்டி முறிக்கிறாங்களே, நல்லதா?

வேண்டவே வேண்டாம். மூளைக்கு ரத்தம் கொண்டுபோற குழாய்ல ரெண்டு, கழுத்தெலும்போட ரெண்டு ஓரத்துலயும் இருக்கிற ஓட்டை வழியா, 6-வது எலும்புல நுழைஞ்சு முதல் எலும்பு வரைக்கும் ஏறி, அங்க ஒரு வளைவு வளைஞ்சு மண்டைக்குள்ள போகுது. நான் மேல சொன்ன திருகை பக்கத்துலயேதான் அந்த வளைவு. படக்குனு திருப்பினா குழாயோட உள்சுவர் கிழியலாம், அங்க ரத்தம் உறைஞ்சு மூளைக்குப் போனா பக்கவாதம்.

கேள்வி: எங்கப்பா 40 வருஷமா சலூன் வச்சிருக்காரு, ஒரு கஸ்டமருக்கும் ஒண்ணும் ஆகல. சும்மா பீதி கிளப்பாதீங்க.

தம்பி, அப்பா தொழிலைக் குறை சொல்லல. அபூர்வமாத்தான் நடக்கும், ஒத்துக்கிறேன். ஆனா கிழிஞ்ச உடனே நாற்காலியிலேயே விழுந்துடுவாங்கன்னு இல்ல, சில மணி நேரமோ சில நாளோ கழிச்சுக்கூட வரலாம். வீட்ல தலைசுத்தி வாந்தி எடுத்து ஆஸ்பத்திரி போறவரு, போன வாரம் முடி வெட்டினதை அங்க சொல்லுவாரா? அப்பாகிட்ட வந்துதான் சொல்லுவாரா? அப்புறம் 40 வருஷத்துல ஒண்ணும் ஆகலன்னு எப்படித் தெரியும்?

கேள்வி: அப்ப சத்தம் வர்றது எலும்பு இடத்துல உக்கார்றதாலதானே? வலி குறையுதே!

எலும்பு நகரவே இல்லய்யா. மூட்டுக்குள்ள இருக்கிற திரவத்துல அழுத்தம் சட்டுனு குறையறப்ப வாயுக்குமிழி உண்டாகிற சத்தம், விரல்ல சொடக்கு எடுக்கிற மாதிரிதான். தசை கொஞ்ச நேரம் தளர்ந்து சுகமா இருக்கும், நாளைக்கு அதே வலி. இன்னொண்ணு, முடி கழுவுற தொட்டியில தலையைப் பின்னாடி தொங்கப் போட்டதால பக்கவாதம் வந்த கதையை 1993-லயே அமெரிக்காவுல எழுதியிருக்காங்க, ஆக சலூன் மட்டும் இல்ல, பார்லரும்தான்.

கேள்வி: பிசியோ பண்றது மட்டும் ஓகேவா?

அவங்க விசாரிச்சு, சோதிச்சு, மெதுவா செய்வாங்க. அங்கயும் கழுத்தைப் படக்குனு திருப்பினா வேண்டாம்னு சொல்ல உங்களுக்கு உரிமை உண்டு.

கேள்வி: கழுத்து 7 எலும்பு, நரம்பு மட்டும் 8 ஜோடின்னு படிச்சேன். தப்பா?

சரிதான். முதல் நரம்பு முதல் எலும்புக்கு மேல வெளிய வருது, 8-வது கடைசி எலும்புக்குக் கீழ. ஒட்டகச்சிவிங்கிக்கும் கழுத்துல 7 எலும்புதான், ஒவ்வொண்ணும் நீளம், அவ்வளவுதான்.

கேள்வி: அண்ணா, எனக்கும் கழுத்து நேரா...

முதல் பதில், முதல் பதில், முதல் பதில்.

கேள்வி: சலூன்காரர் பையன்தான் பேசறேன். அப்பாகிட்ட சொன்னேன். 'கஸ்டமரே கேட்டா என்ன பண்றது, இல்லன்னு அனுப்பவா'ங்கிறாரு.

தலையில எண்ணெய் வச்சுத் தட்டிவிட்டு, தோளை நல்லா அமுக்கிவிடச் சொல்லுப்பா. அதுக்குத் தனியா 30 ரூபா வாங்கிக்கட்டும்.