போர் நிறுத்தம் வந்தால் காசாவில் சாதாரண மக்களுக்கு என்னதான் மாறுகிறது?

2025-இல் இரண்டு முறை போர் நிறுத்தம் அறிவித்தார்கள், இரண்டுக்குப் பிறகும் சாவுச் செய்தி வந்துகொண்டேதான் இருந்தது, அப்படியென்றால் அதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டிருக்கிறீர்கள். நான் காசாவுக்குப் போனதில்லை. ஆனால் அந்த வருடம் முழுவதையும் ஒரு காசாக்காரரின் பக்கத்து மேஜையில் உட்கார்ந்து கடந்தேன். அவர் வீட்டில் நடந்ததை அவர் சம்மதத்தோடு எழுதுகிறேன். பெயர்கள் வேண்டாம் என்றார்.

தோஹாவில் எனக்குக் கட்டுமான அளவீட்டு வேலை. ஒரு கட்டடத்துக்கு எத்தனை கன மீட்டர் கான்கிரீட், எத்தனை டன் கம்பி என்று கணக்குப் போட வேண்டும். அவர் வரைபடப் பிரிவில் மூத்தவர். எல்லோரும் அவரை ‘உஸ்தாத்’, அதாவது ஆசான், என்போம். காசா நகரின் கிழக்கு ஓரத்தில் இருக்கும் ஷுஜாயியா அவருடைய ஊர். அங்கே நான்கு தளத்தில் வீடு. அப்பா தரைத்தளம் கட்டினார், பிள்ளைகளுக்குக் கல்யாணம் ஆக ஆக ஒவ்வொரு தளமாக ஏறியது. மொட்டை மாடியில் அடுத்த தளத்துக்கென்று கம்பிகளை நீட்டிவிட்டிருந்தார்கள். நம் ஊரிலும் பாதி வீடுகள் அப்படித்தானே நிற்கின்றன? அவர் அம்மாவை ‘யம்மா’ என்றுதான் கூப்பிடுவார். போனில் அந்தச் சத்தம் கேட்டால் எனக்கு ஒரு கணம் நம் ஆள் யாரோ பேசுவது போலிருக்கும்.

2023 டிசம்பரில் அந்த வீடு இடிந்தது. மற்றவர்கள் ஏற்கெனவே தெற்கே போயிருந்தார்கள். கடைசித் தம்பி மட்டும் வீட்டைப் பார்த்துக்கொள்கிறேன் என்று தங்கிவிட்டார். அவர் உடல் கிடைக்கவில்லை.

2025 ஜனவரி 15 இரவு, இங்கே தோஹாவில்தான் கத்தார் பிரதமர் உடன்பாட்டை அறிவித்தார். அங்கே மக்கள் அதை ‘ஹுத்னா’ என்கிறார்கள். முதல் கட்டம் 42 நாள். 33 பிணைக் கைதிகளை ஹமாஸ் விட வேண்டும், பதிலுக்கு இஸ்ரேல் சிறைகளிலிருந்து ஏறக்குறைய 1,900 பாலஸ்தீனர்கள் வெளியே வருவார்கள், ஒரு நாளைக்கு 600 லாரி உள்ளே போகும். 19-ஆம் தேதி காலை 8.30-க்குத் தொடங்க வேண்டியது, விடுவிக்கப்படுவோர் பெயர்ப் பட்டியல் வரவில்லை என்று 11.15-க்குத்தான் தொடங்கியது. நடுவில் இருந்த மூன்று மணி நேரத்துக்குள்ளும் குண்டு விழுந்தது, ஆட்கள் செத்தார்கள். உஸ்தாத் அன்று கைப்பேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு, மணி பார்ப்பதற்கு மட்டும் சுவர்க் கடிகாரத்தை நிமிர்ந்து நிமிர்ந்து பார்த்தது எனக்கு நினைவிருக்கிறது.

ஜனவரி 27 அன்று வடக்கே போகும் வழி திறந்தது. வாகனங்கள் ஸலாஹுத்தீன் சாலையில் சோதனைக்குப் பிறகு போக வேண்டும். நடப்பவர்களுக்குக் கடலோர ரஷீத் சாலை. முதல் நாளே மூன்று லட்சம் பேர் நடந்தார்கள் என்று காசா நிர்வாகம் சொன்னது. அவர்களில் யம்மாவும் ஒருவர். காசாவின் நடுப்பகுதியில் இருக்கும் டெயிர் அல்-பலாவிலிருந்து ஷுஜாயியா ஏறக்குறைய பதினைந்து கிலோமீட்டர். எழுபது தாண்டியவர், நாற்காலியில் உட்கார வைத்துப் பேரன்கள் மாற்றி மாற்றித் தூக்கினார்கள். வீடு தரைமட்டம் என்று அவருக்குத் தெரியும். புகைப்படத்தில் பார்த்தவர்தான். ஆனாலும் போனார்.

ஏன் போனார்கள் என்பதில்தான் உங்கள் கேள்விக்கான பதில் இருப்பதாக நினைக்கிறேன். குண்டு விழும்போது யாராலும் ஒன்றும் செய்ய முடியாது. ஓடலாம், அவ்வளவுதான். ஹுத்னா வந்தால்தான் பாக்கியிருக்கும் வேலைகளைத் தொட முடியும். காணாமல் போனவரைத் தேடுவது, செத்தவரைக் கஃபன் துணி சுற்றி முறையாக அடக்குவது, யார் இருக்கிறார்கள் யார் இல்லை என்று தெருவாரியாக விசாரிப்பது. இடிபாடுகளுக்குள் பத்தாயிரம் உடல்கள் வரை இருக்கலாம் என்று அப்போது அங்குள்ள மீட்புப் படை கணக்குச் சொன்னது. வெளியே இருக்கும் நாம் போர் நிறுத்தம் என்றால் அமைதி என்று நினைத்துக்கொள்கிறோம். அவர்களுக்கு அது ஓய்வே இல்லாத உடலுழைப்பு. துக்கமும் அப்போதுதான் வந்து சேர்கிறது, அதற்கு முன் அதற்கு நேரமில்லை.

பிப்ரவரி தொடக்கத்தில் ஒரு மதியம் உஸ்தாத் என் மேஜைக்கு வந்தார். “யா அகீ (தம்பி), நூற்றிருபது சதுர மீட்டர் தளம், இருபது சென்டிமீட்டர் கனம். எவ்வளவு எடை வரும்?” என்று கேட்டார். வேலைக்காகக் கேட்கிறார் என்று நினைத்து உடனே சொல்லிவிட்டேன்: 24 கன மீட்டர், கன மீட்டருக்கு இரண்டரை டன் வைத்தால் 60 டன். சொல்லி முடித்த பிறகுதான் எந்தத் தளம் என்று புரிந்தது. வரைபடக்காரருக்கு அந்தக் கணக்குத் தெரியாமலா இருக்கும்? வேறொருவர் வாயால் கேட்க வேண்டியிருந்தது அவருக்கு. நான்கு தளமும் அடை அடுக்கியது போல ஒன்றின்மேல் ஒன்று படுத்திருந்தன. தம்பி படுத்திருந்தது இரண்டாவது தளத்தில். மேலே ஒரு தளமும் ஒரு கூரையும்.

கனரக இயந்திரங்கள் போதுமான அளவு உள்ளே வரவில்லை. அண்ணனும் பேரன்களும் பக்கத்து வீட்டு ஆட்களும் சம்மட்டி, உளி, கம்பி அறுக்கும் ரம்பம் வைத்துக்கொண்டு வேலை செய்தார்கள். ஒரு ஆள் நுழையும் அளவுக்கு ஓட்டை போட்டு இறங்குவதுதான் திட்டம். இங்கிருந்து நானும் உஸ்தாத்தும் எங்கே உடைத்தால் சரிவு வராது என்று புகைப்படத்தைப் பார்த்துக் குறித்து அனுப்புவோம். என் தொழில் அறிவை இப்படி ஒரு காரியத்துக்குப் பயன்படுத்துவேன் என்று நான் நினைத்ததே இல்லை. மேல் தளத்தைத் துளைத்து முடிக்கவே மூன்று வாரத்துக்கு மேல் ஆனது. சமையலறைப் பக்கம் யம்மாவின் ஸிப்தியா கிடைத்தது. மிளகாயும் பூண்டும் தக்காளியும் இடிக்கும் மண்சட்டி அது, காசா வீடுகளில் நம் அம்மி மாதிரி. சட்டி உடைந்திருந்தது, மரக் குழவி மட்டும் முழுதாக இருந்தது. அதை யம்மா எடுத்து வைத்துக்கொண்டார்.

மார்ச் 1 ரமலான் முதல் நாள். ரஃபாவில் இடிபாடுகளுக்கு நடுவே நீளமாக மேஜை போட்டு ஊரே நோன்பு திறந்த காட்சியை நீங்களும் பார்த்திருக்கலாம். மறுநாள், மார்ச் 2, உணவு, மருந்து, எரிபொருள் எல்லாவற்றையும் இஸ்ரேல் எல்லையிலேயே நிறுத்தியது. மார்ச் 18 அதிகாலை, சஹர் சாப்பாட்டுக்கு எழும் நேரத்தில் மறுபடியும் விமானங்கள் வந்தன. அந்த ஓர் இரவில் மட்டும் 400-க்கும் மேற்பட்டவர்கள் இறந்ததாகச் சுகாதார அமைச்சகம் சொன்னது. இரண்டாவது தளத்தின் மேல் உளி வைத்திருந்த வேலை அப்படியே நின்றது. ஏப்ரல் தொடக்கத்தில் ஷுஜாயியாவைக் காலி செய்யச் சொல்லி உத்தரவு வந்தது. மேற்கே துறைமுகத்துக்குப் பக்கம் கூடாரம் போட்டார்கள்.

பாலஸ்தீனர்களின் இன்னொரு பகுதியான மேற்குக் கரையைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும், போர் நிறுத்தம் காசாவுக்கு மட்டும்தான் என்பது பலருக்குத் தெரிவதில்லை. முதல் ஹுத்னா தொடங்கி இரண்டே நாளில், ஜனவரி 21, ஜெனினில் இராணுவ நடவடிக்கை தொடங்கியது. ஜெனின், துல்கரேம், நூர் ஷம்ஸ் அகதி முகாம்களிலிருந்து ஏறக்குறைய 40,000 பேர் வெளியேற்றப்பட்டார்கள். 1967 போருக்குப் பிறகு அங்கே இவ்வளவு பெரிய இடப்பெயர்வு நடந்ததில்லை.

பசியை உஸ்தாத் அதிகம் பேச மாட்டார். நான் துண்டு துண்டாகத்தான் தெரிந்துகொண்டேன். உலக உணவுத் திட்டத்தின் உதவியோடு ஓடிய 25 ரொட்டிக்கடைகளும் மார்ச் முடிவோடு மூடப்பட்டன. கடைசிச் சரக்கையும் சமையற்கூடங்களுக்குக் கொடுத்துவிட்டோம் என்று ஏப்ரல் 25 அன்று அந்த அமைப்பே அறிவித்தது. கோதுமை மாவு இல்லாமல் பருப்பையும் மக்ரோனியையும் இடித்து மாவாக்கி ரொட்டி சுட்டார்கள். அந்த மரக் குழவிதான் இடித்தது. பணம் அனுப்பினாலும் முழுதாகப் போய்ச் சேராது. வங்கிக் கணக்கில் இருக்கும் பணத்தை நோட்டாக மாற்றித் தருபவர்கள் நூற்றுக்கு நாற்பது வரை பிடித்துக்கொண்டார்கள். ஆயிரம் ஷெக்கல் அனுப்பினால் கையில் அறுநூறு. அதுவும் கிழிந்து தேய்ந்த நோட்டு. புது நோட்டு உள்ளே வராததால், பழைய நோட்டை ஒட்டிச் சரிசெய்து கொடுப்பதே அங்கே ஒரு தொழிலாகிவிட்டது.

மே 19 வரை ஒரு மூட்டையும் உள்ளே போகவில்லை. மே கடைசியில் அமெரிக்க, இஸ்ரேல் ஆதரவோடு புதிய அமைப்பு ஒன்று விநியோகத்தைத் தொடங்கியது. ஐ.நா. முன்பு நானூறு இடங்களில் கொடுத்ததற்குப் பதில் நான்கே மையங்கள். உணவு தேடிப் போய்ச் செத்தவர்கள் ஆகஸ்ட் நடுவுக்குள் 1,760 பேர் என்று ஐ.நா. மனித உரிமை அலுவலகம் கணக்கிட்டது. உஸ்தாத்தின் அக்கா மகன், பத்தொன்பது வயது, மாவு லாரி வருகிறது என்று கேட்டு இரண்டு முறை போனான். ஒரு முறை மாவோடு வந்தான், ஒரு முறை வெறுங்கையோடு. மூன்றாம் முறை யம்மா விடவில்லை.

அதே வீட்டில் ஒரு பெண் படித்துக்கொண்டிருந்தாள் என்பதையும் சொல்ல வேண்டும். அங்கே பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வை தவ்ஜிஹி என்பார்கள். அதில் தேறினால் தெருவே இனிப்பு கொடுக்கும். போர் தொடங்கிய பிறகு காசாவில் தேர்வே நடக்கவில்லை. 2025 ஜூலை 19 அன்று ஏறக்குறைய 1,500 மாணவர்கள் இணையம் வழியாக எழுதினார்கள். அக்கா மகளும் எழுதினாள், இணையம் கிடைக்கிற ஒரு காபிக்கடையில் உட்கார்ந்து, மேலே ‘ஸனானா’ இரைந்துகொண்டிருக்க. ட்ரோன் சத்தத்துக்கு அவர்கள் வைத்த பேர் அது. முந்தின நாள் இரவு அவள் சாப்பிட்டது ஒரு கிண்ணம் பருப்புத் தண்ணீர். ஆகஸ்ட் 22 அன்று காசா நகரத்தை உள்ளடக்கிய மாவட்டத்தில் பஞ்சம் என்று உணவுப் பாதுகாப்பு வகைப்பாட்டு அமைப்பு உறுதிசெய்தது. மத்தியக் கிழக்கில் அது அப்படி அறிவித்தது அதுவே முதல் முறை.

செப்டம்பர் 9 மதியம் இஸ்ரேல் குண்டு தோஹாவிலேயே விழுந்தது, ஹமாஸின் பேச்சுவார்த்தைக் குழுவைக் குறிவைத்து. எங்கள் அலுவலகக் கண்ணாடி அதிர்ந்தது. எல்லோரும் ஜன்னலுக்கு ஓடினோம். உஸ்தாத் மட்டும் ஜன்னலை விட்டு விலகி உள்சுவர் ஓரமாகப் போய் நின்றார், எங்களையும் அங்கே வரச் சொல்லிக் கத்தினார். அடுத்த வாரம் காசா நகருக்குள் தரைப்படை நுழைந்தது. யம்மா மறுபடியும் தெற்கே, அதே நாற்காலியில்.

அக்டோபர் 10 நண்பகல் இரண்டாவது ஹுத்னா. 13-ஆம் தேதி உயிரோடிருந்த கடைசி 20 பிணைக் கைதிகளும் வீடு திரும்பினார்கள். இரண்டு வருடமாகக் காத்திருந்த அந்தக் குடும்பங்களின் அழுகையைத் தொலைக்காட்சியில் பார்த்தபோது உஸ்தாத் சேனலை மாற்றவில்லை. “அந்த அம்மாவைப் பார்” என்று மட்டும் சொன்னார். சிறையிலிருந்து ஏறக்குறைய இரண்டாயிரம் பாலஸ்தீனர்கள் வந்தார்கள்.

இந்த முறை யாரும் உடனே கிளம்பவில்லை. இரண்டு வாரம் பார்ப்போம் என்றார்கள். அதற்குள் மஞ்சள் கோடு என்று ஒன்று வந்துவிட்டது. இராணுவம் பின்வாங்கி நிற்கும் எல்லை அது, மஞ்சள் வண்ணம் பூசிய கான்கிரீட் கட்டைகளை வைத்துக் குறித்தார்கள். காசாவின் பாதிக்கு மேல், 53 சதவீதம், கோட்டுக்கு அந்தப் பக்கம். கிழக்கு ஷுஜாயியாவும் அந்தப் பக்கம்தான். நெருங்கினால் சுடுவார்கள். ஹுத்னா தொடங்கியதிலிருந்து வருடம் முடிவதற்குள் 400-க்கும் மேற்பட்டவர்கள் கொல்லப்பட்டார்கள். போரின் மொத்தச் சாவு நவம்பர் கடைசியில் சுகாதார அமைச்சகக் கணக்கில் 70,000-ஐத் தாண்டியது.

எனவே ஒன்றும் மாறவில்லையா என்றால், மாறியது. மாவு வந்தது, விலை இறங்கியது, இரவில் தூங்க முடிந்தது. அதைச் சின்ன விஷயம் என்று நான் சொல்லவே மாட்டேன். ஆனால் முதல் ஹுத்னாவில் இடிபாட்டுக்காவது போக முடிந்தது. இரண்டாவதில் அதற்கும் வழியில்லை. தம்பியின் மேல் இன்னும் ஒரு தளம் பாக்கி, 60 டன்.

குடும்பம் இப்போது காசா நகரின் பழைய பகுதியில், பாதி நிற்கும் ஒரு கட்டடத்தில் இருக்கிறது. டிசம்பர் நடுவில் புயல் மழையில் கூடாரங்கள் முங்கியபோது உள்ளே இடம் பிடித்தார்கள். அக்கா மகன் அவ்வப்போது மாடிக்கு ஏறிக் கிழக்கே கைப்பேசியில் படம் எடுக்கிறான். நவம்பர் படத்தைப் பெரிதாக்கினால், சாம்பல் மேட்டுக்கு மேலே நீட்டிய சில கம்பிகள் தெரியும். அடுத்த தளத்துக்கென்று விட்ட கம்பிகள், உஸ்தாத் விரல் வைத்துக் காட்டினார். கோட்டுக்கு அந்தப் பக்கம் வீடுகளை இடித்துத் தள்ளும் வேலை நின்றபாடில்லை. டிசம்பர் கடைசியில் வந்த படத்தில் நாங்கள் இருவரும் அரை மணி நேரம் தேடினோம். எனக்குத் தெரியவில்லை, அவருக்கும் தெரியவில்லை. யம்மா மட்டும் தெரிகிறது என்கிறாராம். மழை விட்டதும் இன்னொரு படம் எடுக்கச் சொல்லியிருக்கிறார்.