ரோட்டுக்கு நிலம் எடுக்கறாங்களா? கேளுங்க, சொல்றேன்

நில எடுப்பு பிரிவுல வேலை பார்த்து ரிட்டயர்டு ஆனவன் நான். ரோடு அகலப்படுத்தற பேச்சு வந்ததுல இருந்து ஆளாளுக்கு கேக்கறீங்க, அதான் மொத்தமா எழுதறேன்.

கோத்தகிரி: ரோட்டோரம் டீ தோட்டம். நோட்டீஸ் வந்திருக்கு. ஆட்சேபணை எழுதி என்ன சார் ஆகப்போகுது?

முதல்ல எந்த சட்டத்துல வந்த நோட்டீஸ்னு பாருங்க. கோத்தகிரி மேட்டுப்பாளையம் ரோடு மாநில நெடுஞ்சாலை, அதனால 2001 தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம், பிரிவு 15(2)ஆ இருக்கும். நிலத்தை எடுக்கறோம்னு அறிவிக்கறதுக்கு முன்னாடியே 'ஏன் எடுக்கக்கூடாது, சொல்லு'ன்னு உங்களைக் கேக்கற நோட்டீஸ் அது, கெடு அதுலயே போட்டிருக்கும். 'எனக்கு இஷ்டமில்ல'ன்னு ஒரு வரி எழுதிக் கொடுத்தீங்கன்னா அதிகாரியும் ஒரு வரியில தள்ளிடுவாரு. மலை நிலத்துக்குன்னு சொல்றதுக்கு நிறைய இருக்கு: மேல் பக்கத்தை வெட்டினா மிச்ச தோட்டம் மழையில சரியுமா, ஊத்து எங்க ஓடுது, தடுப்புச் சுவர் யார் கட்டுவாங்க, ரோட்டுக்கு எதிர்ப்பக்கம் புறம்போக்கு இருக்கும்போது ஏன் இந்தப் பக்கம். புலப்படத்துல குறிச்சு, போட்டோ எடுத்து, சர்வே நம்பரோட எழுதுங்க. கொடுத்ததுக்கு தேதி சீலோட ஒப்புகை வாங்காம ஆபீஸை விட்டு வெளிய வராதீங்க.

குன்னூர்: நேஷனல் ஹைவேன்னா எத்தனை நாள்?

1956 தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம், பிரிவு 3ஏ அறிவிக்கை (இந்த நிலத்தை எடுக்கப் போறோம்னு சொல்றது) வந்த தேதியில இருந்து ஆட்சேபணைக்கு 21 நாள். இங்கதான் நிறைய பேர் ஏமாறுறாங்க. 3ஏ-க்கு வீடு தேடி நோட்டீஸ் வரணும்னு சட்டத்துல இல்ல, அரசிதழ்லயும் ரெண்டு உள்ளூர் பேப்பர்லயும் போட்டா போதும், அதுல ஒண்ணு தமிழ்ல இருக்கும். எழுத்துல ஆட்சேபணை கொடுத்தவங்களை நேர்லயோ வக்கீல் மூலமாவோ கேட்டுத்தான் ஆகணும், 3சி அப்படித்தான் சொல்லுது. 3டி (நிலத்தை எடுத்தாச்சுன்னு அறிவிக்கறது) வந்துட்டா நிலம் மத்திய அரசோடது, அப்புறம் ஹைகோர்ட்தான். 3ஏ வந்து ஒரு வருஷத்துக்குள்ள 3டி வரலைன்னா 3ஏ செல்லாமப் போயிடும் (கோர்ட் ஸ்டே இருந்த காலம் கணக்குல வராது).

பண்ணைக்காடு: எங்க காப்பி தோட்டத்துக்கு எவ்ளோ கிடைக்கும்?

நேஷனல் ஹைவேன்னா இழப்பீடு தனி விசாரணை, 3ஜி-ல வரும். 3சி ஆட்சேபணையில தொகையைப் பத்தி எழுதி இடத்தை வீணாக்காதீங்க.

குன்னூர்க்காரர் மறுபடி: ஹியரிங் போய் கையெழுத்து போட்டா சம்மதம்னு எடுத்துக்குவாங்க, யாரும் போகாதீங்க.

அண்ணா, இது ரொம்ப ஆபத்தான அட்வைஸ். போகலைன்னா 'ஆட்சேபணைதாரர் ஆஜராகவில்லை'ன்னு ஒரு வரி எழுதி முடிச்சுடுவாங்க, அப்புறம் ஹைகோர்ட்ல நின்னு 'என்னைக் கேக்கவே இல்ல'ன்னு எப்படி சொல்லுவீங்க? வருகைப் பதிவேட்டுல போடற கையெழுத்து சம்மதம் ஆகாது. சம்மதக் கடிதத்துலயும் வெத்துப் பேப்பர்லயும்தான் போடக்கூடாது.

அவரே: சென்னை சேலம் எட்டு வழிச்சாலைக்கு நிலம் எடுத்தப்ப ஆட்சேபணை எல்லாம் கேட்டாங்களே, என்ன நடந்துச்சு?

நடந்ததை முழுசா சொல்லுங்க. 2020 டிசம்பர் 8-ல சுப்ரீம் கோர்ட் 3ஏ செல்லும்னு சொல்லுச்சு, உண்மை. ஆனா நிலத்தை முறையா எடுக்கறதுக்கு முன்னாடியே வருவாய் கணக்குல பேரை மாத்தினது தப்பு, விவசாயிங்க பேருக்கே திருப்பி மாத்துங்கன்னு ஹைகோர்ட் சொன்னதை அப்படியே உறுதி பண்ணுச்சு. அது மட்டுமில்ல, 2005-ல பாரங்கூர் ஜூட் வழக்குல, எந்த நிலம்னு சரியா விவரிக்காத அறிவிக்கையை வச்சு மக்கள் எப்படி ஆட்சேபிப்பாங்கன்னு அதே கோர்ட் கேட்டிருக்கு. இதெல்லாம் போய் எழுதிக் கொடுத்து வாதாடினவங்களால வந்தது. வீட்டுல உக்காந்திருந்தா வந்திருக்காது.

தாண்டிக்குடி: சார், மலை வாழைக்கு எவ்ளோ...

மேல பண்ணைக்காட்டுக்காரருக்கு சொன்னதுதான். அதைப் படிங்க.

கூடலூர்: எங்களது செக்‌ஷன் 17 நிலம் (1969 ஜென்ம ஒழிப்புச் சட்டத்துல வர்றது), பட்டா இல்ல. நாங்க ஆட்சேபிக்கலாமா?

3சி-ல 'பட்டாதாரர்'னு இல்ல, நிலத்துல அக்கறை உள்ள யாரும்னுதான் இருக்கு. வீட்டு வரி, கரண்ட் பில் எல்லாம் வச்சு எழுதிக் கொடுங்க. 1969 ஜென்ம ஒழிப்புச் சட்டம் தனிச் சிக்கல், அந்த கேஸ் பார்த்த வக்கீலைப் பாருங்க.

கோத்தகிரி, வேற ஒருத்தர்: பட்டா தாத்தா பேர்ல, அவர் இல்ல. எங்களுக்கு நோட்டீஸே வரல.

பட்டாவுல இருக்கற பேருக்குத்தான் நோட்டீஸ் போகும். வாரிசுச் சான்றிதழ் கையில இல்லைன்னாலும் 'நாங்க வாரிசு, எங்களையும் கேக்கணும்'னு கெடுவுக்குள்ள எல்லாரும் கையெழுத்து போட்டு கொடுத்துடுங்க, சான்றிதழ் பின்னாடி சேத்துக்கலாம். பட்டா மாறுதலுக்கும் கையோட மனு போடுங்க. ஒப்புகை வாங்குங்க.