முரணை ஏற்கும் தர்க்கம்: கேள்வி பதில்

சில முரண்பாடுகள் மெய்யே என்று வாதிடும் டயலீதியிசம் பற்றி வந்த கேள்விகளும் பதில்களும்.

கேள்வி: ‘ஆம்’, ‘இல்லை’ இரண்டையும் ஒப்புக்கொண்டால் அப்புறம் எதை வேண்டுமானாலும் நிரூபிக்கலாமே, சார்?

வழக்கமான தர்க்கத்தில் அப்படித்தான் ஆகும். இதை ‘வெடிப்பு’ என்பார்கள். ஐந்தே படிகள்:

1. மழை பெய்கிறது; மழை பெய்யவில்லை.
2. ஆகவே மழை பெய்கிறது.
3. ஆகவே மழை பெய்கிறது அல்லது நிலா வெல்லத்தால் ஆனது.
4. முதல் படியிலிருந்து: மழை பெய்யவில்லை.
5. மூன்றும் நான்கும் சேர்ந்தால்: நிலா வெல்லத்தால் ஆனது.

இதில் எந்தப் படி உடைகிறது என்று காட்டுவதுதான் இந்தத் துறையின் முதல் வேலை. தத்துவவாதி கிரஹாம் பிரீஸ்ட் 1979இல் முன்வைத்த முறையில் ஒரு வாக்கியத்துக்கு மூன்று மதிப்புகள் உண்டு: மெய், பொய், இரண்டும். பொய் கீழே, மெய் மேலே, ‘இரண்டும்’ நடுவில். ‘மற்றும்’ போட்டால் தாழ்ந்த மதிப்பு வரும். ‘அல்லது’ போட்டால் உயர்ந்தது. ‘இரண்டும்’ என்பதை மறுத்தாலும் ‘இரண்டும்’தான். மெய், இரண்டும் ஆகியவை ஏற்கத்தக்கவை. பொய் மட்டும் தள்ளுபடி.

இப்போது மழைக்கு ‘இரண்டும்’, நிலாவுக்குப் ‘பொய்’ என்று வைத்துக் கணக்கிடுங்கள். மூன்றாம் படியும் நான்காம் படியும் ‘இரண்டும்’ என்று வந்து தேறிவிடும். ஐந்தாவது பொய். ஏற்கத்தக்கவற்றிலிருந்து தள்ளத்தக்கது வந்துவிட்டதால், அந்தப் படிக்கு உரிய விதி செல்லாது. வெடிப்பு அங்கேயே நின்றுபோகிறது.

கேள்வி: இதற்கு விலை ஏதும் கொடுக்க வேண்டாமா?

உண்டு, பெரிய விலை. ‘அ என்றால் ஆ’ என்பதை ‘அ இல்லை அல்லது ஆ’ என்று பொருள்கொண்டால், ‘அ, அ என்றால் ஆ, ஆகவே ஆ’ என்ற அடிப்படை விதியும் விழுந்துவிடும். அ ‘இரண்டும்’, ஆ ‘பொய்’ என்று வைத்துப் பாருங்கள், தெரியும். அதனால்தான் இத்துறையினர் ‘என்றால்’ என்பதற்குத் தனி விதிகள் அமைக்கிறார்கள். ஆனால் பேசும் விஷயத்தில் முரணே இல்லாதபோது எல்லா மதிப்பும் மெய் அல்லது பொய்தான். பழைய விதிகளை அப்படியே பயன்படுத்தலாம்.

கேள்வி: ‘இந்த வாக்கியம் பொய்’ என்பதை மெய்யும் இல்லை, பொய்யும் இல்லை என்று ஒதுக்கிவிட்டால் போதாதா?

மெய் என்றால் பொய், பொய் என்றால் மெய் என்று சுழலும் அந்த வாக்கியத்தை அப்படி ஒதுக்கினால் போதாது. வாக்கியத்தைச் சற்று மாற்றுங்கள்: ‘இந்த வாக்கியம் மெய் அல்ல.’ இது மெய்யும் இல்லை, பொய்யும் இல்லை என்கிறீர்களா? அப்படியானால் அது மெய் அல்ல. அதுவும் அதைத்தானே சொல்கிறது? ஆகவே மெய். ஒதுக்கிய முரண் வேறு வாசல் வழியாக வந்துவிட்டது. டயலீதியிசத்தின் வலுவான வாதம் இதுவே என்பது என் கருத்து.

கேள்வி: தானே சவரம் செய்துகொள்ளாத எல்லோருக்கும், அவர்களுக்கு மட்டும், சவரம் செய்யும் ஊர் நாவிதர் கதையும் மெய்யான முரணா?

இல்லை. அப்படி ஒரு நாவிதர் இருக்க முடியாது, அவ்வளவுதான். எந்த முரணையும் ஏற்பதற்கு முன் இரண்டைச் சோதியுங்கள்: இரு பக்கத்துக்கும் தனித்தனியே வலுவான ஆதாரம் உண்டா? எளிதில் கைவிடக்கூடிய அனுமானம் ஏதாவது ஒளிந்திருக்கிறதா? நாவிதர் இரண்டாவதில் தோற்கிறார். எல்லா முரணும் மெய் என்பது வேறு கொள்கை. பிரீஸ்ட் அதை ஏற்பதில்லை.

கேள்வி: சமணரின் சியாத்வாதமும் இதுதானே?

பொதுவான விளக்கத்தின்படி அல்ல. குடம் தன் பொருள், இடம், காலம், நிலை ஆகியவற்றால் ‘உண்டு’. பிறவற்றின் பொருள், இடம், காலம், நிலையால் ‘இல்லை’. நோக்கு மாறுவதால் அங்கே முரணே எழுவதில்லை. டயலீதியிசமோ ஒரே நோக்கில் இரண்டும் என்கிறது. பௌத்தத் தத்துவவாதி நாகார்ச்சுனரின் நான்கு கோடிகளில் (உண்டு, இல்லை, உண்டும் இல்லையும், இரண்டும் அல்ல) ‘உண்டும் இல்லையும்’ மூன்றாவதாக வருவதால் ஒப்பிடுவோர் உண்டு. ஆனால் அவர் பல இடங்களில் நான்கையுமே மறுக்கிறார் என்பதை விட்டுவிடக் கூடாது.

கேள்வி: நடைமுறையில் பயன் உண்டா?

உண்டு. ஒரு நோயாளியின் ரத்த வகை ஒரு பதிவில் ‘ஓ’, இன்னொன்றில் ‘பி’ என்றிருந்தால், தரவுத்தளம் அதைக் கொண்டு எல்லா நோயாளிகளைப் பற்றியும் எதையும் முடிவுகட்டக் கூடாது. தர்க்கவியலாளர் நூயெல் பெல்னாப் 1977இல் இதற்காகவே நான்கு மதிப்புகள் வைத்தார்: மெய் என்று சொல்லப்பட்டது, பொய் என்று சொல்லப்பட்டது, இரண்டும் சொல்லப்பட்டது, எதுவும் சொல்லப்படவில்லை. இங்கே உலகமே முரணானது என்று நம்பத் தேவையில்லை. தகவல் முரண்படுகிறது, அவ்வளவே.

கேள்வி: இந்த மதிப்புகளுக்கு அட்டவணை போட்டுப் பழகிவிட்டேன். அடுத்து எங்கே சறுக்கும்?

தர்க்கவியலாளர் ஹாஸ்கல் கரியின் (Curry) பெயரால் வழங்கும் முரண்புதிரில். ‘இந்த வாக்கியம் மெய் என்றால் நிலா வெல்லத்தால் ஆனது.’ இதில் ‘இல்லை’ என்ற சொல்லே கிடையாது. ஆகவே மறுப்பைச் சரிசெய்து பயனில்லை. ‘அ என்றால், அ என்றால் ஆ’ என்பதை ‘அ என்றால் ஆ’ என்று சுருக்கும் விதியே குற்றவாளி. உங்கள் புதிய ‘என்றால்’ அந்தச் சுருக்கத்தை அனுமதிக்கிறதா என்று முதலில் பாருங்கள். அனுமதித்தால், மெய்மை பற்றிப் பேசத் தொடங்கிய உடனே வெடிப்பு திரும்பிவிடும்.