யூத மனைவியை விவாகரத்து செய்திருந்தால் நடிகர் பால் யாவோர் 1944இல் சிறைக்குப் போயிருக்க மாட்டாரே, ஏன் செய்யவில்லை?

கேள்வியைப் படித்ததும் கோபம் வந்தது உண்மை. பழைய படம் எதையோ பார்த்துவிட்டு ஆர்வத்தில் கேட்டிருப்பீர்கள், தப்பில்லை. ஆனால் இது அவ்வளவு லேசாகக் கேட்கிற விஷயம் இல்லை.

புடாபெஸ்டில் முதுகலை படித்தபோது ஒரு பாட்டியின் வீட்டில் வாடகைக்கு இருந்தேன். கண்ணாடி அலமாரியின் ஓரத்தில் யாவோரின் படத்தைச் செருகி வைத்திருந்தார். மெல்லிய மீசை, படிய வாரிய முடி. முந்தானை மாதிரி ஏப்ரன் நுனியால் அதைத் துடைப்பார். டிவியில் அவர் படம் ஓடினால் சூப் ஆறிப்போகும், எழுந்திருக்க மாட்டார்.

யாவோர் ஹங்கேரியின் முதல் பெரிய திரை நாயகன். 1931இல் வந்த 'ஹிப்போலித்' படத்தில் கூட நடித்த கபோஷ் ஒரு யூதர், அந்தக் காலத்து நகைச்சுவை நடிகர்களில் முதலிடம் அவருக்குத்தான். 1938இல் ஒரு சட்டம் போட்டார்கள், நடிகர் சபையில் யூதர்கள் 20 சதவீதத்துக்கு மேல் கூடாது என்று. அடுத்த வருடமே அது 6 சதவீதம் ஆனது. கபோஷ் அமெரிக்கா போய் 1941இல் நியூயார்க்கில் இறந்தார். யாவோர் தொடர்ந்து நடித்தார், போர்க்காலத்திலும் சம்பாதித்தார். அதை நான் மறைக்கவில்லை, பின்னூட்டத்தில் யாரும் அதை வைத்துச் சண்டைக்கு வர வேண்டாம். ஆனால் மனைவி ஓல்காவை விடச் சொன்னபோது அவர் விடவில்லை. 1944 மார்ச்சில் ஜெர்மன் படை உள்ளே வந்தது, இலையுதிர்காலத்தில் ஹங்கேரியின் நாஜி ஆதரவுக் கட்சியான அம்புச் சிலுவைக் கட்சி ஆட்சியைப் பிடித்தது. யாவோரை ஷோப்ரோன்கொஹிடா சிறையில் அடைத்து, பிறகு ஜெர்மனிக்குக் கொண்டுபோனார்கள். நேற்றுவரை நாடே கொண்டாடிய மனிதர். ஏன் விடவில்லை என்று கேட்டால், அவள் அவருடைய மனைவி. இதற்கு மேல் என்ன காரணம் வேண்டும்?

1946இல் அமெரிக்கா போனார். ஹாலிவுட்டில் சின்னச் சின்ன வேடங்கள்தான் கிடைத்தன, இரவுக் காவலாளியாகவும் வேலை பார்த்தார். இந்த இடம்தான் எனக்கு வலிக்கும். நானும் புடாபெஸ்டில் படித்தபோது ஒரு விடுதியில் இரவு வரவேற்பில் உட்கார்ந்திருந்தேன், "எஞ்சினியரிங் படித்துவிட்டு வாட்ச்மேன் வேலையா" என்று சொந்தக்காரர்கள் அப்பாவிடமே கேட்டார்கள். விடியற்காலை அழுதுகொண்டு வீட்டுக்கு வந்த ஒரு நாள்தான் பாட்டி இந்தக் கதையை முழுசாகச் சொன்னார்.

யாவோர் 1957இல் ஊர் திரும்பினார். 1959 ஆகஸ்டில் இறந்துவிட்டார். பாட்டிக்கு அப்போது பதினொரு வயது, இறுதிச் சடங்குக்கு அம்மா கூட்டிக்கொண்டு போயிருக்கிறார். கூட்டத்தில் ஒன்றுமே தெரியவில்லையாம், முன்னால் நின்ற ஆளின் கோட்டு முதுகு மட்டும்தான். அது வியர்வையில் நனைந்திருந்தது என்றார்.