அரைப் பேர்

அன்புள்ள அக்கா,

உங்கள் தளத்தில் போன மாதம் வந்த சிறுகதையை வாசித்தேன். நான் யாழ்ப்பாணத்தவன். ஹட்டனில் ஒரு வங்கியில் வேலை. மாற்றலாகி வந்து இன்னும் ஒரு வருடம் நிறையவில்லை. கதையில் மாமியார் மருமகனைப் பார்த்து, "அரப் பேருக்கு வாயப் பாரு" என்கிறார். அவனைக் குள்ளன் என்கிறாரா, அரைக்கிறுக்கு என்கிறாரா, ஆம்பிளையே இல்லை என்கிறாரா என்று எனக்கு விளங்கவில்லை. ஆனால் சுற்றியிருக்கும் எல்லோரும் சிரிக்கிறார்கள். அவனும் சேர்ந்து சிரிக்கிறான்.

இன்னொன்று. அண்மையில் கவுண்டருக்கு வந்த ஒரு தேயிலைத் தோட்டத்து அம்மா, "இந்த மாசம் பன்னெண்டு பேருதான் தம்பி, நகைய இப்ப மீக்க ஏலாது" என்றார். வீட்டில் பன்னிரண்டு பேர் என்று நினைத்து, "பெரிய குடும்பம்தான் அம்மா" என்று சொல்லிவிட்டேன். வரிசையில் நின்ற பெண்கள் சிரித்த சிரிப்பில் மேனேஜர் எழுந்து வந்து பார்த்தார். இரண்டும் ஒரே 'பேர்'தானா? இது தமிழ்நாட்டு வழக்கா? நானும் இதைச் சொல்லலாமா?

ஒரு வாசகர், ஹட்டன்


அன்புள்ள தம்பி,

இரண்டும் ஒரே பேர்தான். அந்த அம்மாவுக்கு அந்த மாதம் பன்னிரண்டு நாள் வேலைதான் கணக்கில் விழுந்திருக்கிறது. குடும்பம் பெரிதோ சிறிதோ, அதை அவர் உங்களிடம் சொல்லவே இல்லை.

தோட்டத்துக் கணக்கில் ஒரு நாள் வேலை என்றால் ஒரு பேர். காலையில் பெரட்டுக்களத்தில் ஆட்கள் கூடுவார்கள். யாருக்குக் கொழுந்து, யாருக்குக் கவ்வாத்து (செடியை வெட்டிவிடுவது), யாருக்குக் கான் வெட்டு (வாய்க்கால் வெட்டுவது) என்று பிரித்து மலைக்கு அனுப்புவார்கள். வேலை முடிந்த பிறகு செக்ரோல் என்கிற வேலைப் பதிவேட்டில் அவரவர் பெயருக்கு நேரே அன்றைய நாளைப் பதிவார்கள். அதற்குத்தான் பேர் போடுறது என்று பெயர். பெயருக்கு எதிரே எழுதிய கூலியும் காலப்போக்கில் 'பேர்' ஆகிவிட்டது. மாதக் கடைசியில் தண்ணீர் பிடிக்கிற பீலியடியில், "ஒனக்கு எத்தன பேரு?" "இருவத்தொண்ணு. ஒனக்கு?" என்று கேட்டுக்கொள்வதை நீங்கள் இனிமேல் புரிந்துகொண்டு கேட்கலாம். வெள்ளைக்காரத் துரைமாரும் தங்கள் பேச்சில் இதையே எடுத்துக்கொண்டு 'ஹாஃப் நேம்' என்றார்கள்.

தமிழில் பேர் ஏற்கெனவே இரண்டு வேலை செய்கிற சொல். பெயரும் பேர்தான், ஆட்களை எண்ணும்போதும் பேர்தான். தோட்டம் அதன் தலையில் மூன்றாவது வேலையையும் ஏற்றிவிட்டது. கேலி எல்லாம் இந்த மூன்றுக்கும் நடுவில்தான் நடக்கிறது. நீங்கள் மாட்டிக்கொண்ட இடமும் அதுதான், வெட்கப்படாதீர்கள். பெண் பார்க்க வந்த கொழும்புக்காரர்களிடம் பெண்ணின் சித்தி, "எங்க புள்ளைக்கு மாசம் இருவத்தஞ்சு பேருக்குக் கொறையாது" என்று பெருமையடித்தாளாம். வந்தவர்கள் வைத்த தேத்தண்ணியைக்கூடக் குடிக்காமல் எழுந்து போய்விட்டார்களாம். கட்டுக்கதைதான். எந்தத் தோட்டத்தில் கேட்டாலும் இது பக்கத்துத் தோட்டத்தில் நடந்ததாகவே சொல்வார்கள்.

சரி, அரைப் பேருக்கு வருவோம்.

கொழுந்தெடுக்கிறவருக்கு நாளுக்கு இத்தனை கிலோ என்று ஓர் அளவு உண்டு. தோட்டத்துக்குத் தோட்டம், பருவத்துக்குப் பருவம் அது மாறும். அண்மை ஆண்டுகளில் 18 கிலோ, 20 கிலோ என்று பேச்சு ஓடுகிறது. அந்த அளவை எட்டினால் முழுப் பேர். எட்டாவிட்டால் அரைப் பேர். 2021 மார்ச்சில் நாட்சம்பளம் 1,000 ரூபாய் என்று வர்த்தமானியில் வந்தபோது எல்லோரும் கைதட்டினார்கள். சம்பளம் ஏறியதோடு பல இடங்களில் கிலோவையும் ஏற்றினார்கள். 1,000 ரூபாய் நாளில் அரைப் பேர் விழுந்தால் 500 தானே. 2024 செப்டெம்பரில் அடிப்படைச் சம்பளத்தை 1,350 ஆக்கினார்கள். அதற்கும் அரை இருந்தது.

இங்கேதான் நீங்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அரைப் பேர் வாங்கியவள் அரை நாள் வேலை செய்தவள் அல்ல. காலையில் இடுப்பில் படங்குத் துணி கட்டிக்கொண்டு மலை ஏறி, அந்தி நிறுவை வரைக்கும் நின்றவள்தான். மாசி, பங்குனி வெயிலில் செடி துளிர்க்காது. எத்தனை நிறை (செடி வரிசை) ஓடினாலும் சாக்கு நிறையாது. மழை நாளில் கொழுந்து குவியும், ஆனால் தண்ணிக்கு ஒரு கழிவு, சாக்குக்கு ஒரு கழிவு என்று தராசடியிலேயே கிலோக்கள் காணாமல் போகும். மழை பெய்தாலும் குறையும், பெய்யாவிட்டாலும் குறையும். ஆள் முழுசாக நின்றிருக்கிறாள், புத்தகத்தில் அரைதான் விழுகிறது. ஆகவே எங்கள் வாயில் அரைப் பேர் என்பது சோம்பேறிக்குச் சொல்கிற பட்டம் அல்ல. முழு நாளைக் கொடுத்தும் அரையாக எண்ணப்பட்டவரின் பெயர் அது. ஒருத்தி இன்னொருத்தியிடம், "இன்னைக்கும் அரப் பேருதான்டி" என்று சொல்லும்போது அதில் அவளைப் பற்றிய குறை எதுவும் இருக்காது. இருக்கிற குறையெல்லாம் தராசின் மேல்தான்.

ஆண்கள் கதை வேறு. கவ்வாத்து, கான் வெட்டு, முள்ளுக் குத்து (மண்ணைக் குத்திக் கிளறுவது), மருந்தடிப்பு எல்லாம் பெரும்பாலும் கணக்கு வேலை. இத்தனை செடி, இத்தனை அடி என்று கொடுப்பார்கள். கையில் வேகம் இருப்பவன் பகலோடு முடித்துவிட்டு இறங்கிவிடுவான். அவனுக்கு முழுப் பேர். மனைவி ஐந்து மணிக்கு, சில நாள் அதற்கும் பிறகு, வந்து சேர்வாள். அவளுக்கு அரைப் பேர். வந்த கையோடு அடுப்பைப் பற்ற வைப்பதும் அவள்தான். (அந்த அடுப்பு வேலைக்கு எந்தச் செக்ரோலிலும் பேர் கிடையாது.) உடம்பு நோகாத வேலை என்று ஆண்கள் வேலையை நான் சொல்லவில்லை. கவ்வாத்துக் கத்தி பிடித்த கையைத் தொட்டுப் பார்த்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். நேரத்தை மட்டும்தான் சொல்கிறேன்.

இப்போது கதையில் வரும் மாமியாரைப் பாருங்கள். மருமகன் முழுப் பேர்காரன். பகலில் இறங்கி வந்து, குளித்து, தலை சீவி, சந்திக்குப் போய்க் கதையடித்துவிட்டு, தவறணைப் (மதுக்கடை) பக்கமும் ஓர் எட்டு வைத்துவிட்டு வந்திருக்கிறான். மகள் அரைப் பேரோடு வந்து அடுப்படியில் குந்தியிருக்கிறாள். அவன் சாயத்தண்ணியில் சீனி குறைவு என்று குறை சொல்கிறான். அப்போதுதான் மாமியார், "அரப் பேருக்கு வாயப் பாரு" என்கிறார். பேர் போடுகிற கணக்கப்பிள்ளையின் பென்சிலைத் தன் கையில் வாங்கிக்கொண்டு, லயத்து (வரிசை வீட்டு) செக்ரோலில் அவனுக்கு அரை போடுகிறார். மலையில் நீ முழுசு, வீட்டில் நீ பாதி. அவனுக்கும் அது தெரியும். அதனால்தான் சிரிக்கிறான். கோபித்துக்கொண்டால் ஏன் என்று விளக்கம் கேட்பார்கள், விளக்கம் சொல்ல ஆரம்பித்தால் இன்னும் மாட்டிக்கொள்வான்.

நீங்கள் ஊகித்த மற்ற பொருள்களும் தப்பில்லை. தமிழில் 'அரை' என்று ஆரம்பித்தாலே அரைகுறை, அரைவேக்காடு, அரைக்கிறுக்கு என்று ஒரு பட்டாளம் வந்து நின்றுவிடும். குள்ளமான பையனைக் கூட்டாளிகள் அரைப் பேர் என்று கூப்பிடுவதும் உண்டு. ஆம்பிளையே இல்லையா என்று கேட்டீர்களே, அந்தக் குத்தலும் உள்ளே கொஞ்சம் இருக்கிறது. வயதான பெண்கள் மட்டும்தான் அந்த அளவுக்குப் போவார்கள். மருமகள் வாயில் அது வந்தால் சிரிப்பு வராது, சண்டைதான் வரும்.

இந்தப் பேரிலிருந்து பிறந்த குட்டிகள் இன்னும் இருக்கின்றன. 'பேர் வெட்டுறது' என்றால் செக்ரோலிலிருந்து ஆளைத் தூக்குவது, அல்லது அன்றைக்கு வேலை கொடுக்காமல் திருப்பி அனுப்புவது. என் அம்மா அதைச் சாப்பாட்டுக்குப் பயன்படுத்துவார்: "இன்னொரு தடவ சண்ட போட்டீங்க, ராத்திரி சோத்துல பேர வெட்டிருவேன்." பத்துச்சீட்டும் அப்படித்தான். தோட்டத்தை விட்டு விலகும்போது கொடுக்கிற சீட்டு அது. காதலி கைவிட்டுப் போனால், "பத்துச்சீட்டு குடுத்திட்டாளா?" என்று கேட்பார்கள். அதற்கும் முன்னால் துண்டு இருந்தது. கூலியாளின் கடனை அடைத்தால் ஆளை விடுவிப்போம் என்று எழுதித் தரும் சீட்டு. அந்தத் துண்டு முறையை 1921இல் ஒழித்தார்கள். துண்டைக் கண்ணால் பார்த்தவர்கள் இன்று இல்லை. நகைச் சீட்டோடு உங்கள் வங்கி வரிசையில் நிற்பவர்களைப் பார்க்கும்போது மட்டும் எனக்கு அந்தச் சொல் நினைவுக்கு வரும். உங்களைக் குற்றம் சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

பேர் வெட்டுவதில் நாட்டளவில் ஒன்று நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். 1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் ஏழு இடங்களை வென்றது. அடுத்த ஆண்டே, எங்களில் பெரும்பாலோரின் குடியுரிமையைப் பறித்த பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. 1949இல் தேர்தல் சட்டத்தைத் திருத்தி, வாக்காளர் இடாப்பிலிருந்து (பட்டியலிலிருந்து) மலையகத் தமிழர்களான எங்கள் ஆட்களின் பெயர்களை எடுத்தார்கள். ஆனால் செக்ரோலில் மட்டும் ஒரு பேரும் குறையவில்லை. கொழுந்துக்கு ஆள் வேண்டுமே. 1964இல் இலங்கை, இந்தியப் பிரதமர்களின் சிறிமாவோ சாஸ்திரி ஒப்பந்தம் வந்தபோது எங்களை லட்சக்கணக்கில் எண்ணினார்கள். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேருக்குப் பிறகு பார்க்கலாம். பேர் என்று எண்ணினார்களே தவிர, யாருடைய பேரையும் கேட்கவில்லை. எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் இதைப் பேசும்போது, "கெவுருமெண்டு போட்ட அரப் பேரு" என்பார்கள். தோட்டத்தில் முழு ஆள், நாட்டில் பாதி ஆள். மிச்ச விளக்கம் அவர்களுக்குத் தேவைப்படவில்லை.

தமிழ்நாட்டு வழக்கா என்று கேட்டீர்கள். பேர் அங்கிருந்து வந்த பேர்தான், எங்களைப் போல. கூலி என்ற பொருள் செக்ரோலில் பிறந்தது. செக்ரோல் இல்லாத ஊரில் இந்தக் கேலிக்கு வேலை இல்லை. உங்கள் ஊர்க்காரர்கள் சிலர் முன்பு இந்தப் பேச்சைத் தோட்டக்காட்டுத் தமிழ் என்று மூக்கைச் சுளித்ததுண்டு. நீங்கள் சுளிக்காமல் கேட்டிருக்கிறீர்கள், அதற்காகவே இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

இப்போது சில கம்பெனிகள் செடிகளைக் குடும்பங்களுக்குப் பிரித்துக் கொடுத்து, எடுத்துக் கொடுக்கிற கிலோவுக்கு மட்டும் காசு தருகிறார்கள். அங்கே நாட்சம்பளம் இல்லை. ஆகவே முழுப் பேரும் இல்லை, அரைப் பேரும் இல்லை. இது நல்லதுக்கா கெட்டதுக்கா என்று தோட்டத்துக்குத் தோட்டம் சண்டை நடக்கிறது. வரட்சியில் அரைப் பேராவது கிடைத்தது, இப்போது அதுவும் இல்லை என்பவர்கள் பக்கம்தான் நான். சொல்லுக்கு மட்டும் ஆபத்து இல்லை. கொழும்பில் புடவைக் கடையில் வேலை செய்யும் எங்கள் பிள்ளைகள், செக்ரோலைக் கண்ணால் காணாதவர்கள், மத்தியானத்தோடு லீவு எடுப்பதை அரைப் பேர் என்கிறார்கள். அவர்கள் உண்மையிலேயே அரை நாள்தான் வேலை செய்கிறார்கள். பொருள் இப்போதுதான் நேராகியிருக்கிறது.

நீங்கள் சொல்லலாமா? கவுண்டரில் உட்கார்ந்து சொல்லாதீர்கள். பணம் எண்ணிக் கொடுக்கிற கையிலிருந்து அந்தச் சொல் வந்தால் அது கணக்கப்பிள்ளையின் சொல்லாகிவிடும். வேண்டுமானால் அந்த அம்மா அடுத்த மாதம் வரும்போது, "இந்த மாசம் எத்தன பேரும்மா?" என்று கேட்டுப் பாருங்கள். இருபதுக்கு மேல் சொன்னால் நகையை மீட்க வந்திருக்கிறார் என்று அர்த்தம்.

அன்புடன்,
அக்கா