முள் எடுத்துத் தரும் அம்மா

கேள்வி: எனக்கு 29 வயது. சென்னையில் அம்மாவும் நானும் மட்டும்தான். எனக்கு ஏழு வயதாக இருக்கும்போதே அப்பா இறந்துவிட்டார். பதவி உயர்வோடு புனேவுக்கு மாற்றல் வந்தது. அம்மாவிடம் கேட்டேன், அழுதார். வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். இன்றைக்கும் அம்மாதான் மீனில் முள் எடுத்துத் தருகிறார். இப்போதெல்லாம் அவர் மேல் எரிச்சல் வருகிறது. பிறகு அதை நினைத்துக் குறுகிப்போகிறேன். என்ன செய்வது?

பதில்: தம்பி, புனேவை விட அந்த மீன் முள்தான் எனக்குப் பெரிதாகப் பட்டது. அலுவலக கேன்டீனில் மீன் போடும் நாளில் நீங்கள் சாம்பார் சாதத்தின் பக்கம் ஒதுங்கிவிடுவீர்கள், இல்லையா? முள் எந்தப் பக்கம் இருக்கும் என்று உங்கள் விரலுக்கும் நாக்குக்கும் தெரியாது. தொண்டையில் குத்தும் என்ற பயம் மட்டும் தெரியும்.

கணவரை இழந்தவர், ஒரே பிள்ளை. நீங்கள் வாசலைத் தாண்டும்போதெல்லாம் அவருக்குப் படபடத்திருக்கும். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆஸ்திரேலிய மனநல மருத்துவர் கோர்டன் பார்க்கரும் சகாக்களும் 1979-இல் 25 கேள்விகள் கொண்ட ஒரு படிவத்தை வெளியிட்டார்கள். வளர்ந்தவர்கள் தங்கள் முதல் 16 வயதை நினைத்துப் பார்த்து, பெற்றோர் எப்படி இருந்தார்கள் என்று நிரப்ப வேண்டும். அதில் பாசத்துக்கு ஒரு மதிப்பெண், அளவு மீறிய பாதுகாப்புக்குத் தனியாக ஒரு மதிப்பெண். இரண்டிலும் நிறைய வாங்கும் அம்மாக்கள் உண்டு. உங்கள் அம்மாவும் வாங்குவார். ஆகவே அந்தக் காவல் எரிச்சலூட்டுகிறது என்பதற்காக, அவர் பாசத்துக்கு நன்றி கெட்டவன் என்று குமைய வேண்டாம்.

ஒன்று சொன்னால் கோபித்துக்கொள்ளக் கூடாது. என்ன பதில் வரும் என்று தெரிந்துதானே அம்மாவிடம் கேட்டீர்கள்? புனே பயம் உங்களுக்கும் இருந்தது. அவர் அழுதார், நீங்கள் தப்பித்துக்கொண்டீர்கள்.

இனி முடிவு செய்துவிட்டு அவரிடம் சொல்லுங்கள். பல் டாக்டர், வண்டி இன்சூரன்ஸ் என்று சின்னச் சின்னதாக ஆரம்பியுங்கள். முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார். அம்மாவுக்குத் தலைசுற்றல் என்று சித்தி போன் செய்வார். உடனே டாக்டரிடம் அழைத்துப் போங்கள். முடிவை மட்டும் மாற்றாதீர்கள். அடுத்த மாற்றல் எப்போது வரும் என்று மேலாளரிடம் இந்த வாரமே கேட்டுவையுங்கள்.

ஞாயிற்றுக்கிழமை மீன் மார்க்கெட்டுக்கு நீங்களே போங்கள். எடுத்த எடுப்பில் மத்தி வேண்டாம், அது முள் காடு. வஞ்சிரம் வாங்குங்கள், விலைதான் கடிக்கும். குழம்புக்குப் புளி எவ்வளவு என்று அம்மாவிடம் கேளுங்கள். அந்த விஷயத்தில் அவர் சொல்வதுதான் சரியாக இருக்கும்.