சுருதி தப்பிப் பாடத் தெரிந்தவர் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பிரிட்டிஷ் நடிகை பெட்ரீஷியா ரவுட்லெஜ் 2025 அக்டோபரில் மறைந்தபோது வந்த அஞ்சலிகளைப் படித்துவிட்டு அவர் நடித்த ‘கீப்பிங் அப் அப்பியரன்சஸ்’ என்ற பிபிசி நகைச்சுவைத் தொடரை முழுக்கப் பார்த்தேன். நன்றாகவே சிரித்தேன். ஆனாலும் சில சந்தேகங்கள். அறுபது வயதைத் தாண்டியபின் ஒரு தொலைக்காட்சித் தொடர் கிடைத்து, அதனால் பெயர் வாங்கியவர் அவர். அவரைப் பெரிய நடிகை என்று சொல்வது கொஞ்சம் அதிகம் இல்லையா? தொடரில் அவர் பாடும்போது காதைப் பொத்திக்கொள்ளத் தோன்றுகிறது. உண்மையிலேயே பாட வராதா, அதுவும் நடிப்புதானா? பின்னணியில் எந்நேரமும் கேட்கும் சிரிப்பொலியும் எரிச்சலூட்டுகிறது. அவருடைய வேறு எதைப் பார்க்கலாம்?

கே.

அன்புள்ள கே.,

பாட்டிலிருந்து தொடங்குகிறேன். அதற்கு விடை தெரிந்தால் உங்கள் முதல் கேள்விக்கு வேலை இருக்காது.

பாட வராத ஒருவர் பாடினால் என்ன ஆகும்? வரி முடிவதற்குள் மூச்சு தீர்ந்துவிடும். குரல் சன்னமாக இருக்கும். மேல் ஸ்வரம் நெருங்கும்போது பயந்து அடக்கிக்கொள்வார். கேட்கிற நமக்குச் சிரிப்பு வராது, பாவமாக இருக்கும். இப்போது தொடரில் ரவுட்லெஜ் ஏற்ற வேடமான, அந்தஸ்து காட்டத் துடிக்கும் ஹயசிந்த் பாடும் இடத்தை மறுபடி கேளுங்கள். அவருக்கு மூச்சு தீர்வதே இல்லை. வயிற்றிலிருந்து எழும் முழுக்குரல் அது, தெருக்கோடி வரை கேட்கும். தப்பெல்லாம் அதன் மேல் ஏற்றப்பட்டவை. வைப்ராட்டோ எனப்படும் குரல் அதிர்வைத் தேவைக்கு மேல் அகலமாக்குகிறார். உயர்ந்த ஸ்வரத்தை நேராகப் பிடிக்காமல் அதற்குக் கீழே இறங்கி, அங்கிருந்து வழுக்கி ஏறுகிறார். உயிரெழுத்துகளைக் கோணலாக்குகிறார், ரகரத்தை உருட்டுகிறார். ஸ்வரத்தைத் தொட்டபின் தேவைக்கு மேல் அங்கேயே நிற்கிறார். ஆபரா பாடகிகளின் தோரணை முழுக்க இருக்கிறது, சுருதி மட்டும் இல்லை. ஒவ்வொரு முறையும் ஒரே அளவில், ஒரே திசையில் தப்பவேண்டுமென்றால் சரியான இடம் எதுவென்று துல்லியமாகத் தெரிந்திருக்கவேண்டும்.

ரவுட்லெஜ் செவ்வியல் முறையில் குரல்பயிற்சி பெற்றவர். தொடர் ஒளிபரப்பாகிக்கொண்டிருந்த அதே 1992ல் லண்டன் நேஷனல் தியேட்டரில் ‘கரோசல்’ இசைநாடகம் மேடையேறியது. இயக்கியவர் நிக்கலஸ் ஹைட்னர். அதில் நெட்டி ஃபௌலர் வேடம் இவருக்கு. கணவனை இழந்த இளம்பெண்ணைத் தேற்றி ‘யூ’ல் நெவர் வாக் அலோன்’ பாடுகிற பாத்திரம் அது. அந்தப் பாட்டை லிவர்பூல் கால்பந்து ரசிகர்கள் அறுபதுகளிலேயே தங்கள் கீதமாக்கிக்கொண்டுவிட்டார்கள். ரவுட்லெஜ் பிறந்த பெர்க்கன்ஹெட் லிவர்பூலுக்கு எதிரே, மெர்சி ஆற்றின் மறுகரையில் இருக்கிற ஊர். ஆக ஒரே காலகட்டத்தில் தொலைக்காட்சியில் பாட்டைக் கெடுத்துக்கொண்டும், மேடையில் அதைச் சுருதியில் நிறுத்திப் பாடிக்கொண்டும் இருந்திருக்கிறார்.

‘அறுபது வயதுக்கு மேல் கிடைத்த வாய்ப்பு’ என்பதற்கு வருகிறேன். 1929 பிப்ரவரி 17ல் பிறந்தவர். அப்பா ஆண்களுக்கான துணிக்கடை வைத்திருந்தார். லிவர்பூல் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம், பிறகு பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளி. 1952ல் லிவர்பூல் பிளேஹவுஸில் தொழில்முறை நடிகையாக மேடையேறினார். அது ரெபர்ட்டரி அரங்கு. நிலையான ஒரு குழு, சில வாரங்களுக்கு ஒரு புதிய நாடகம். இரவில் ஒன்றை நடித்துக்கொண்டே பகலில் அடுத்ததற்கு ஒத்திகை. இன்று ராணி, அடுத்து சமையல்காரி. ஒரே வேடத்தில் உறைந்துபோக அந்த முறை யாரையும் விடாது. அங்கே தப்பிப் பிழைத்தவர்களுக்கு வசனத்தை வேகமாக ஏற்றிக்கொள்ளும் திறமை வந்துவிடும். பிற்காலத்துத் தொலைக்காட்சி வேகத்துக்கு அது அப்படியே உதவியது. 1954ல் லண்டனின் பெரிய நாடக அரங்குகள் இருக்கும் வெஸ்ட் எண்டுக்கு வந்துவிட்டார்.

அப்புறம் ஏன் அவரை உலகம் முப்பது வருடம் கண்டுகொள்ளவில்லை? திறமைக்குறைவு காரணமில்லை. அவர் போய்ச் சேர்ந்த கப்பல்கள் மூழ்கின. 1968ல் நியூயார்க்கின் நாடக வட்டாரமான பிராட்வேயில் ‘டார்லிங் ஆஃப் த டே’. ஜூல் ஸ்டைன் இசை, கூட நடித்தவர் வின்சென்ட் பிரைஸ். இளம் விதவை ஆலிஸாக ரவுட்லெஜ். 31 காட்சிகளில் நாடகம் மூடப்பட்டது. மூடிய பிறகு அந்த ஆண்டின் சிறந்த இசைநாடக நடிகைக்கான டோனி விருது அவருக்கு வந்தது, லெஸ்லி அகம்ஸுடன் பகிர்ந்துகொண்டு. விருது வாங்கியவரைப் போய்ப் பார்க்கலாமென்றால் நாடகம் ஓடவில்லை! நாடகம் மாதக்கணக்கில் ஓடினால்தான் விருது டிக்கெட்டாக மாறும். நல்லவேளையாக அதற்கு இசைத்தட்டு வந்தது, கேட்டுப்பாருங்கள்.

1976ல் இன்னும் பெரிய கப்பல், ‘1600 பென்சில்வேனியா அவென்யூ’. லெனார்ட் பெர்ன்ஸ்டைன் இசை, ஆலன் ஜே லெர்னர் வரிகள். வெள்ளை மாளிகையில் வாழ்ந்த பல அதிபர்களின் மனைவியர் அத்தனை பேரும் ரவுட்லெஜ் ஒருவரே. அதில் ‘டூயட் ஃபார் ஒன்’ என்றொரு பாட்டு உண்டு. 1877ல் பதவியேற்பு விழா. பதவி போகிற அதிபரின் மனைவி ஜூலியா கிராண்ட், வருகிறவரின் மனைவி லூசி ஹேஸ் இருவரையும் ஒருவரே பாடவேண்டும். வரிக்கு வரி குரலும் உடம்பும் மாறவேண்டும். அரங்கம் கைதட்டி நாடகத்தை நிறுத்தியது என்று அந்தக் காலத்தவர்கள் இன்னமும் பேசுகிறார்கள். ஏழே காட்சிகள்தான் நடந்தது. மூல நடிகர்களைக் கொண்ட இசைத்தட்டும் வெளிவரவில்லை. கடைசியில் 1988ல் ‘கான்டீட்’ இசைநாடகத்தின் கிழவி வேடத்துக்கு லண்டனின் ஒலிவியர் விருது கிடைத்தது. ஹயசிந்த் தொடங்கியது 1990 அக்டோபரில். அதற்குள் அட்லான்டிக்கின் இரு கரையிலும் மிகப் பெரிய மேடை விருதுகளை அவர் வாங்கிவிட்டார்.

பாட்டு ஒரு பாதை. இன்னொன்று தனிப்பேச்சு. எனக்கு இதுதான் முக்கியமாகப் படுகிறது, அஞ்சலிகளில் இதை அதிகம் பேசவில்லை.

1982ல் ஆலன் பென்னட் எழுதிய தொலைக்காட்சி நாடகம் ‘எ வுமன் ஆஃப் நோ இம்பார்ட்டன்ஸ்’. அலுவலகக் குமாஸ்தா பெக்கி காமிராவைப் பார்த்துப் பேசிக்கொண்டே இருக்கிறாள். உணவறையில் யார் எங்கே உட்கார்ந்தார்கள் என்பதுதான் விஷயம். அப்படியே பேச்சு மருத்துவமனைக் கட்டிலுக்கு நகர்ந்துவிடுகிறது. 1985 முதல் விக்டோரியா வுட்டின் நகைச்சுவை நிகழ்ச்சியில் கிட்டி: நாற்காலியில் உட்கார்ந்து நேராக நம்மிடம் பேசும் வட இங்கிலாந்துக்காரி. 1988ல் மறுபடி பென்னட், ‘டாக்கிங் ஹெட்ஸ்’ வரிசையில் ‘எ லேடி ஆஃப் லெட்டர்ஸ்’. எல்லாரையும் பற்றிப் புகார்க் கடிதம் எழுதும் ஐரீன் ரட்டக் சிறைக்குப் போகிறாள், அங்கே சந்தோஷமாக இருக்கிறாள். இந்தப் பெண்கள் எல்லாருக்கும் ஒரே குணம்: தாங்கள் எதை வெளிப்படுத்திவிட்டோம் என்பது அவர்களுக்குத் தெரியாது. பார்க்கிற நமக்குத் தெரியும். நடிகைக்கும் அது தெரியும் என்று கண்ணில் ஒரு கணம் தெரிந்துவிட்டால் போதும், எல்லாம் கெட்டது. தனிப்பேச்சில் பெரும்பாலான நடிகர்கள் சறுக்குவது இங்கேதான், பாத்திரத்துக்கு மேல் நின்று நம்மைப் பார்த்துக் கண்ணடித்துவிடுவார்கள். ரவுட்லெஜ் ஒருபோதும் செய்யமாட்டார்.

இப்போது ஹயசிந்தின் தொலைபேசிக் காட்சிகளை எடுங்கள். மகன் ஷெரிடன் பணம் கேட்டுக் கூப்பிடுவான். 44 அத்தியாயத்திலும் அவனைக் காட்டுவதில்லை, குரலும் இல்லை. பக்கத்தில் கணவர் ரிச்சர்டாக கிளைவ் ஸ்விஃப்ட், முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு. பல வருடம் பழகிய தனிப்பேச்சுதான் இது, கையில் ஒரு ரிசீவர் மட்டும் கூடியிருக்கிறது. தொலைபேசிக் காட்சி கெட்டுப்போவதற்குப் பொதுவான காரணம் இடைவெளி. மறுமுனைக்காரர் ஒரு வாக்கியம் சொல்லி முடிக்க இரண்டு வினாடியாவது வேண்டும். நடிகர் அரை வினாடியில் அடுத்த வசனத்துக்குத் தாவுவார், கம்பியின் அந்தப் பக்கம் ஆளில்லை என்று நமக்குத் தெரிந்துவிடும். அதற்காகத்தான் மறுமுனைப் பேச்சையும் எழுதிவைத்து மனப்பாடம் செய்யச் சொல்வார்கள். ஷெரிடன் என்ன சொன்னான் என்று ஒவ்வொரு முறையும் உங்களால் எழுத முடியும். முதலில் மகனின் குரல் கேட்ட பூரிப்பு, பிறகு தொகை, பிறகு தன்னைத் தானே சமாதானம் செய்துகொள்வது. மூன்றும் வெவ்வேறு நீளத்தில் வரும்.

சிரிப்பொலி பற்றி. அது முன்பே பதிவுசெய்து வைத்த சிரிப்பை எடுத்து ஒட்டியது என்று நினைக்கிறீர்கள் போலிருக்கிறது. இல்லை. பிபிசியின் அன்றைய முறை இது: தெரு, தோட்டம், கார் காட்சிகளை முன்கூட்டியே வெளியில் எடுத்துவிடுவார்கள். ஹயசிந்தின் வீட்டு வெளிப்புறம் கவென்ட்ரி பக்கத்து பின்லி வுட்ஸில், தங்கை வீடு கவென்ட்ரியின் ஸ்டோக் ஆல்டர்மூரில். பிறகு வீட்டு உள்காட்சிகளுக்குச் சில நாள் ஒத்திகை. ஒரு மாலையில் சில நூறு பேர் முன்னிலையில் பல காமிராக்களை வைத்து வரிசையாக எடுப்பார்கள். வெளிக்காட்சிகளை அங்கேயே திரையில் ஓட்டிக்காட்டி அதற்கான சிரிப்பையும் பதிவு செய்வார்கள்.

நடிகருக்கு இதில் இரண்டு சிக்கல். அரங்கில் சிரிப்பு எழும்போது பேசினால் அடுத்த வசனம் முங்கிவிடும். பேசாமல் நின்றால் சிலை மாதிரி இருக்கும், வீட்டிலிருப்பவருக்கு அது பச்சையாகத் தெரியும். ஆகவே அந்த இரண்டு மூன்று வினாடிகளுக்கு ஏதாவது ஒரு வேலை வேண்டும். ரவுட்லெஜ் தொப்பியைச் சரிசெய்வார், முத்துமாலையைத் தொடுவார், கையுறையை இழுத்துவிடுவார். சிரிப்பு உச்சிக்குப் போய் இறங்கத் தொடங்கும் இடத்தில் அடுத்த வரியை எடுப்பார், முழுக்க அடங்கும்வரை காத்திருக்கமாட்டார். மேடையில் கற்பது இது. வெளிக்காட்சியில் இது இன்னும் கஷ்டம், ஏனென்றால் அங்கே சிரிக்க யாருமில்லை. பிறகு வரப்போகிற சிரிப்புக்கு எவ்வளவு இடம் விடுவது என்று நடிகரும் இயக்குநர் ஹரால்ட் ஸ்நோடும் ஊகிக்கவேண்டும். குறைத்தால் வசனம் போச்சு, கூட்டினால் ஓட்டை விழும்.

தங்கை வீட்டு வாசலில் உடைந்த காருக்குள்ளிருந்து நாய் குரைக்கும், இவர் துள்ளி விழுவார். அடுத்து என்ன வரப்போகிறது என்று பார்ப்பவர் அத்தனை பேருக்கும் தெரியும். நடிகையின் உடம்புக்கு மட்டும் அது தெரிந்திருக்கக்கூடாது. காரை நெருங்கும்போது நடையில் தயக்கம் வந்தால் காட்சி செத்துவிடும். அவர் நடையைக் கவனியுங்கள், கடைசி அடிவரை மாறாது. 1982ல் ‘நாய்சஸ் ஆஃப்’ நாடகத்தின் முதல் மேடையேற்றத்தில் டாட்டி ஆட்லியாக நடித்தவர் இவர். மத்தி மீன் தட்டு, செய்தித்தாள், தொலைபேசி மூன்றில் எதை வைத்துவிட்டுப் போவது, எதை எடுத்துக்கொண்டு போவது என்று தடுமாறுகிற வேடம். அந்தத் தடுமாற்றத்தை ஒவ்வொரு இரவும் ஒரே மாதிரி செய்து காட்டவேண்டும், ஒரு பொருள் இடம் மாறினால் அடுத்த நடிகர் நட்டாற்றில். பொருள்களோடு நடிக்கும் அந்த ஒழுங்குதான் பிற்பாடு தொப்பியிலும் கையுறையிலும் வருகிறது.

தொடரை 1995 கிறிஸ்துமஸோடு நிறுத்தியது அவர் முடிவு. பிபிசிக்கு இன்னும் வேண்டியிருந்தது, பின்னாளில் வெளிநாடுகளுக்கு அதிகம் விற்ற நிகழ்ச்சி என்று அவர்களே அறிவித்தார்கள். பழைய யோசனைகளே திரும்ப வருகின்றன என்று அவர் சொன்னார். ஐந்தாவது சீசனைப் பார்த்தவர்கள் ஒத்துக்கொள்வார்கள் என்றே நினைக்கிறேன். 2017ல் ‘சர்’ பட்டத்துக்கு இணையாகப் பெண்களுக்குத் தரும் டேம் பட்டம் தந்தார்கள்.

பார்க்கவேண்டியவை. முதலில் ‘எ லேடி ஆஃப் லெட்டர்ஸ்’. சிரிப்பொலி இல்லை, சக நடிகர் இல்லை, தப்பிக்க வழியே இல்லை. அடுத்து கிட்டி. அதற்குப் பிறகு ‘த பைரட்ஸ் ஆஃப் பென்சன்ஸ்’ இசைநாடகம், 1980ல் நியூயார்க் சென்ட்ரல் பார்க்கில் நடந்ததன் ஒளிப்பதிவு. கெவின் க்ளைனும் லிண்டா ரான்ஸ்டாட்டும் இருக்கிறார்கள், ரூத்தாக ரவுட்லெஜ். அவர் சரியாகப் பாடுவதைக் கண்ணாலும் பார்க்க இது நல்ல வழி. அதன் பின்னர் ஹயசிந்துக்குத் திரும்புங்கள், ஆனால் முதல் மூன்று சீசன்கள் போதும். லங்காஷயரில் துப்பறியும் பாட்டியாக வந்த ‘ஹெட்டி வெய்ன்த்ராப்’ (1996–98) இதமானது, அவசரமில்லை, மழைநாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.